ஸ்விட்ச்சில் எல்.ஏ. நுவார்: முதன்முறையாகத் துப்பறிய உட்காருபவர்களுக்கு

எல்.ஏ. நுவார் விளையாட்டை வாங்குகிற பலர், அதே ராக்ஸ்டார் கேம்ஸ் வெளியிட்ட, கார் திருட்டும் துப்பாக்கிச் சண்டையுமான ஜிடிஏ (கிராண்ட் தெஃப்ட் ஆட்டோ) மாதிரிதான் இதுவும் இருக்கும் என்று நினைத்து உள்ளே போகிறார்கள். கார் இருக்கிறது, துப்பாக்கி இருக்கிறது, ஒரு முழு நகரமே திறந்து கிடக்கிறது. அதனால் அப்படித் தோன்றுவதில் வியப்பில்லை. ஆனால் இங்கே உங்களுக்கு இருக்கும் பெரிய வேலை பார்ப்பதும் கேட்பதும்தான். இறந்தவரின் சட்டைப் பையில் என்ன இருக்கிறது, பதில் சொன்ன சாட்சி அடுத்த நொடி எந்தப் பக்கம் கண்ணைத் திருப்புகிறார் என்பதையெல்லாம் கவனிக்கிற வேகத்துக்கு உங்களை இறக்கிக்கொண்டால், இந்த விளையாட்டு உங்களைக் கட்டிப்போட்டுவிடும். நின்டெண்டோவின் ஸ்விட்ச் விளையாட்டுக் கருவியைக் கையில் பிடித்து, முகத்துக்கு அருகில் திரையை வைத்து விளையாடும்போது இது இன்னும் நன்றாக ஒத்துவருகிறது என்பது என் எண்ணம்.

கதை நடப்பது 1947-இல், லாஸ் ஏஞ்சலிஸ் நகரத்தில். நீங்கள் கோல் ஃபெல்ப்ஸ். ஒகினாவா போரிலிருந்து திரும்பி வந்து போலீஸில் சேர்ந்தவர். ரோந்துக் காவலராகத் தொடங்கி, போக்குவரத்து, கொலை, போதைப்பொருள் போன்றவற்றைக் கவனிக்கும் வைஸ், தீவைப்பு என்று ஒவ்வொரு பிரிவாக மாறுகிறார். எலிசபெத் ஷார்ட் என்ற இளம்பெண் கொல்லப்பட்ட 'பிளாக் டாலியா' வழக்கு 1947 ஜனவரியில் அந்த நகரத்தில் உண்மையாகவே நடந்தது. கொலைப் பிரிவின் வழக்குகள் முழுவதும் அதன் நிழலில்தான் நகர்கின்றன. சடலங்களை எதையும் மறைக்காமல் காட்டுகிறார்கள். அமெரிக்காவில் இதற்குக் கொடுத்திருக்கும் தரம் 17 வயதும் அதற்கு மேலும் உள்ளவர்களுக்கானது. வீட்டில் ஸ்விட்ச்சைப் பிள்ளைகளும் எடுப்பார்கள் என்றால், பெற்றோர் கட்டுப்பாட்டில் வயதை அமைத்துவிட்டுப் பிறகு தொடங்குங்கள்.

வாங்கும் முன்பே இடம் பாருங்கள்

சிட்னியில் இருந்த டீம் போண்டி நிறுவனம் உருவாக்கி 2011-இல் வெளிவந்த விளையாட்டு இது. ஸ்விட்ச்சுக்கு வந்தது 2017 நவம்பர் 14-இல். வெளியானபோது தனியாக விற்ற கூடுதல் வழக்குகள் ஐந்தும் இதிலேயே சேர்ந்திருப்பதால், மொத்தம் 26 வழக்குகள். வேறு எதையும் காசு கொடுத்து வாங்க வேண்டியதில்லை.

ஆனால் இடம் நிறைய பிடிக்கும். இணையக் கடையில் வாங்கினால் ஏறத்தாழ 29 ஜிபி வேண்டும். கடையில் விளையாட்டு அட்டையாக வாங்கினாலும் தப்பிக்க முடியாது. சுமார் 14 ஜிபி தனியாகப் பதிவிறக்கினால்தான் விளையாட்டு ஓடும். முதலில் வந்த ஸ்விட்ச்சிலும் ஸ்விட்ச் லைட்டிலும் உள்நினைவகம் 32 ஜிபிதான், அதிலும் ஒரு பகுதி இயக்க மென்பொருளுக்குப் போய்விடும். ஆகவே இணையக் கடையில் வாங்க நினைப்பவர்கள் முதலில் ஒரு மைக்ரோ எஸ்டி அட்டை வாங்கிப் போடுங்கள். ஓஎல்இடி மாடலில் 64 ஜிபி உண்டு, அதில் சமாளிக்கலாம். ஸ்விட்ச் 2 வைத்திருந்தால் இடம் பிரச்சினையே இல்லை. ஆனால் கூடுதல் அட்டை போடுவதாக இருந்தால் அதற்கு மைக்ரோ எஸ்டி எக்ஸ்பிரஸ் வகைதான் வேண்டும், பழைய அட்டையில் விளையாட்டுகளை வைக்க முடியாது.

பதிவிறக்கம் முடிவதற்குள் ஒரு காதொலிக்கருவியைத் தேடி எடுத்து வையுங்கள். ஏன் என்று அடுத்து சொல்கிறேன்.

தொடங்கியதும் அமைப்புகளில் செய்ய வேண்டியவை

துப்பு இருக்கும் இடத்துக்கு அருகில் நீங்கள் போனால் விளையாட்டு உங்களுக்கு இரண்டு விதமாகத் தெரிவிக்கிறது. மெல்லிய பியானோ ஒலி ஒன்று கேட்கும், கையில் இருக்கும் கட்டுப்பாட்டுக் கருவி அதிரும். இதற்கு மேல், குற்றம் நடந்த இடத்தில் பின்னணியில் ஓர் இசை ஓடிக்கொண்டே இருக்கும்; அங்கே கண்டெடுக்க வேண்டிய எல்லாத் துப்புகளும் கிடைத்துவிட்டால் அது நின்றுவிடும். இசை நிற்கவில்லை என்றால் இன்னும் ஏதோ மீதி இருக்கிறது என்று பொருள். இந்த மூன்றையும் அமைப்புகளில் தனித்தனியே நிறுத்தலாம். புதியவர்கள் மூன்றையும் ஓட விடுங்கள். இரண்டாவது முறை விளையாடும்போது நிறுத்திப் பாருங்கள், கண் எவ்வளவு கூர்மையாகிவிட்டது என்று தெரியும்.

ஸ்விட்ச் லைட் வைத்திருப்பவர்கள் கவனிக்க வேண்டியது ஒன்று உண்டு. அதில் அதிர்வு வசதியே கிடையாது. அதாவது துப்பு அருகில் இருப்பதைச் சொல்ல உங்களுக்கு ஒலி மட்டும்தான். பேருந்திலோ ரயிலிலோ ஒலியை அணைத்துவிட்டு விளையாடினால் பாதித் துப்புகளைத் தாண்டிப் போய்விடுவீர்கள். காதொலிக்கருவி என்றது இதற்காகத்தான். மற்ற மாடல்களிலும் போட்டுக்கொள்வது நல்லது. விசாரணையில் குரலின் தடுமாற்றம் சிறிய ஒலிபெருக்கியில் அவ்வளவாகப் பிடிபடாது.

அப்புறம் வசன வரிகள். விளையாட்டில் பேச்சு ஆங்கிலத்தில்தான், தமிழ் வரிகள் கிடையாது. நாற்பதுகளின் போலீஸ் பேச்சும் தெருப் பேச்சும் நிறைய வரும். ஆங்கிலம் சரளமாக வருபவர்களுக்கும் சில இடங்களில் திணறும், அதனால் வரிகளைப் போட்டுக்கொள்ளுங்கள். எழுத்து சின்னதாகத் தெரிந்தால் ஸ்விட்ச்சின் பொது அமைப்பில் பெரிதாக்கும் வசதியை இயக்கி வையுங்கள். ஹோம் பொத்தானை இரண்டு முறை அழுத்தினால் திரை பெரிதாகும். ஃபெல்ப்ஸ் துப்புகளைக் குறித்துவைக்கும் குறிப்பேட்டில் எழுதியிருப்பதைப் படிக்கவும், கடிதங்களைப் பார்க்கவும் இது கைகொடுக்கும்.

கறுப்பு வெள்ளையில் விளையாடும் தெரிவும் இருக்கிறது. அழகாகத்தான் இருக்கும், ஆனால் முதல் முறை வேண்டாம். ரத்தத் துளி, உதட்டுச்சாய எழுத்து போன்றவை நிறத்தோடு இருந்தால்தான் சட்டென்று கண்ணில் படும்.

முதல் வழக்கு: சும்மா நடந்து பாருங்கள்

ரோந்துப் பிரிவில் நான்கு வழக்குகள். நான்கும் பாடம் சொல்லிக்கொடுக்கத்தான் இருக்கின்றன. முதல் வழக்கில் ஒரு சந்தில் இரவில் கொலை நடந்திருக்கிறது. நீங்களும் உங்கள் கூட்டாளி ரால்ஃப் டன்னும் தடயம் தேடுகிறீர்கள். ரத்தத் துளிகளைப் பின்தொடர்ந்து, குழாயில் ஏறிக் கூரைக்குப் போனால் ஒரு துப்பாக்கி கிடைக்கும். கையில் எடுத்ததும் அதை அப்படியே வைத்துவிடாதீர்கள். கட்டுப்பாட்டுக் கருவியில் கட்டைவிரலால் தள்ளும் குச்சியை மெதுவாகச் சுழற்றி எல்லாப் பக்கமும் திருப்பிப் பாருங்கள். வரிசை எண் கண்ணுக்கு எதிரே வரும்போது ஃபெல்ப்ஸ் அதைக் குறித்துக்கொள்வார். அந்த எண் ஒரு துப்பாக்கிக் கடைக்கு அழைத்துப் போகும், கடைக்காரரின் பதிவேடு ஒரு பெயரைக் கொடுக்கும், பெயர் ஒரு வீட்டுக் கதவில் கொண்டு விடும். இந்த விளையாட்டின் எல்லா வழக்குகளும் இப்படித்தான் நகர்கின்றன: பொருளிலிருந்து இடம், இடத்திலிருந்து ஆள்.

ஸ்விட்ச்சைக் கையில் பிடித்து விளையாடும்போது, பொருளைத் திருப்புவதற்கும் பெரிதாக்கிப் பார்ப்பதற்கும் தொடுதிரையையும் பயன்படுத்தலாம். கடிதம், பணப்பை, தீப்பெட்டி போன்ற சின்னப் பொருள்களுக்கு விரல்தான் எனக்குப் பிடித்தது. நடப்பதற்கும் ஓட்டுவதற்கும் குச்சியே வசதி. இரு பக்கமும் மாட்டியிருக்கும் ஜாய்-கான் கட்டுப்பாட்டுக் கருவிகளைக் கழற்றி கையை அசைத்து விளையாடும் முறையும் உண்டு; அது மேசையில் வைத்தோ டிவியில் இணைத்தோ விளையாடுபவர்களுக்கு.

இடத்தைத் தேடும் முறை

குற்றம் நடந்த இடத்துக்குப் போனதும் முதலில் அங்கே நிற்கும் காவலரிடமோ மருத்துவரிடமோ பேசுங்கள். என்ன நடந்தது என்ற சுருக்கம் கிடைக்கும், அதோடு சில இடங்கள் தேடலுக்குத் திறக்கும். பிறகு சடலம். தலை, இரண்டு கைகள், சட்டைப் பைகள் என்று தனித்தனியாகப் பார்க்க வேண்டும். ஒரு கையைப் பார்த்தால் போதும் என்று எழுந்துவிடாதீர்கள். மோதிரம் இருந்த தடம் ஒரு விரலில்தான் இருக்கும்.

அதன்பின் அறையைச் சுவரோரமாகச் சுற்றி வாருங்கள். நடுவிலிருந்து அங்கும் இங்கும் ஓடினால் ஒலி எங்கிருந்து வந்தது என்றே தெரியாமல் போகும். எடுக்கிற எல்லாப் பொருளும் துப்பு அல்ல. காலி பாட்டில், சிகரெட் பெட்டி, சீப்பு என்று வெறும் பொருள்கள் நிறைய கிடக்கும். ஃபெல்ப்ஸ் 'இதற்கும் வழக்குக்கும் சம்பந்தமில்லை' என்கிற மாதிரி ஏதாவது சொன்னால் வைத்துவிட்டு நகருங்கள். குறிப்பேட்டில் ஏறினால்தான் அது துப்பு.

இசை நிற்காமல் ஓடிக்கொண்டிருக்கிறது, துப்பும் கிடைக்கவில்லை என்றால் கூட்டாளியிடம் பேசிப் பாருங்கள், ஏதாவது ஒரு பக்கம் கைகாட்டுவார். அதுவும் உதவவில்லை என்றால் உள்ளுணர்வுப் புள்ளி ஒன்றைச் செலவழித்தால் மீதித் துப்புகள் இருக்கும் இடங்கள் வரைபடத்தில் தெரியும். ஆனால் நான் அதைப் பரிந்துரைக்க மாட்டேன். இந்தப் புள்ளிகள் பதவி உயரும்போதுதான் கிடைக்கும், ஒரே நேரத்தில் ஐந்துக்கு மேல் சேர்த்து வைக்கவும் முடியாது. தேடலில் இன்னும் இரண்டு நிமிடம் நடந்தால் கிடைத்துவிடும். விசாரணையில் அப்படி நடந்து கண்டுபிடிக்க முடியாது, அங்கேதான் புள்ளி வேண்டும்.

விசாரணை

இதுதான் எல்.ஏ. நுவார். மற்றதெல்லாம் இங்கே வந்து சேர்வதற்கான வழி.

நான்காவது ரோந்து வழக்கில் முதல் விசாரணை வரும். குறிப்பேட்டில் இருக்கும் கேள்வி ஒன்றைத் தேர்ந்தெடுத்தால் எதிரில் இருப்பவர் பதில் சொல்வார். உடனே உங்களுக்கு மூன்று தெரிவுகள்: குட் காப் (நல்ல போலீஸ்), பேட் காப் (கடுமையான போலீஸ்), அக்யூஸ் (குற்றம் சாட்டு). 2011-இல் வந்த பதிப்பில் இவை உண்மை, சந்தேகம், பொய் என்று இருந்தன. பழைய வீடியோக்களையும் குறிப்புகளையும் பார்க்கிறவர்கள் இதே வரிசையில் பொருத்திக்கொள்ளலாம்.

எப்போது எதைத் தேர்ந்தெடுப்பது? அவர் சொல்வது உண்மை என்று பட்டால் குட் காப். எதையோ மறைக்கிறார் என்று தெரிகிறது, ஆனால் நிரூபிக்கக் கையில் எதுவும் இல்லையென்றால் பேட் காப். அவர் சொன்னதைப் பொய் என்று காட்டும் பொருளோ வாக்குமூலமோ கையில் இருந்தால் மட்டும் அக்யூஸ். பேட் காப்பை அழுத்தியதும் ஃபெல்ப்ஸ் சில சமயம் எதிர்பாராத அளவுக்குக் கத்திவிடுவார். அழுதுகொண்டிருக்கும் விதவையிடம் அவர் அப்படிப் பாயும்போது மனதுக்கு ஒரு மாதிரியாக இருக்கும். அதைப் பார்த்து அடுத்த முறை தயங்காதீர்கள். தெரிவு சரியா தவறா என்பதற்கும் அவர் குரலுக்கும் தொடர்பில்லை.

முகத்தைப் படிப்பது எப்படி? நடிகர்களைச் சுற்றி 32 கேமராக்களை வைத்து, மோஷன்ஸ்கேன் என்ற முறையில் அவர்கள் முகத்தை அப்படியே பதிவு செய்திருக்கிறார்கள். ஆகவே நீங்கள் பார்ப்பது உண்மையான மனிதர்கள் நடித்த முகம். எச்சில் விழுங்குவது, உதட்டைக் கடிப்பது, உங்களைப் பார்க்காமல் கண்ணை ஓரமாகத் திருப்புவது எல்லாம் தெரியும். உண்மை சொல்பவர் பெரும்பாலும் அமைதியாக உங்களையே பார்த்துக்கொண்டிருப்பார்.

இங்கேதான் வசன வரிகள் குறுக்கே வரும். திரையின் அடியில் படித்துக்கொண்டிருந்தால் மேலே முகத்தில் நடப்பது தவறிப்போகும். அதற்கு வழி இருக்கிறது. பேச்சு முடிந்த பிறகு விளையாட்டு உங்களுக்காகக் காத்திருக்கும், நேரக்கட்டுப்பாடு எதுவும் இல்லை. எதிரில் இருப்பவர் அதே முகபாவத்தோடு அசைந்துகொண்டே உட்கார்ந்திருப்பார். எனவே முதலில் வரிகளைப் படித்து, என்ன சொன்னார் என்று புரிந்துகொள்ளுங்கள். பிறகு நிமிர்ந்து, வேண்டிய அளவு நேரம் முகத்தைப் பாருங்கள். கையில் பிடித்து விளையாடுபவர்கள் திரையைச் சற்று அருகில் கொண்டுவரலாம். டிவியில் தூரத்திலிருந்து பார்ப்பதைவிடக் கண்ணின் அசைவு நன்றாகவே தெரியும்.

முகம் மட்டும் போதாது. தன் குற்றத்துக்காகப் பதறுபவரும் உண்டு, வேறு யாரையோ காப்பாற்றப் பதறுபவரும் உண்டு. அதனால் பதில் வந்ததும் குறிப்பேட்டின் துப்புப் பக்கத்தைப் புரட்டி, அவர் சொன்ன அந்த ஒரு வாக்கியத்துக்கு நேர் எதிராக எதுவும் இருக்கிறதா என்று தேடுங்கள். 'அந்த ஒரு வாக்கியம்' என்பதை அழுத்திச் சொல்கிறேன். 'அன்று இரவு நான் அங்கே போகவே இல்லை' என்றால், அங்கே போனதைக் காட்டும் பொருள்தான் வேண்டும். அவருக்கும் இறந்தவருக்கும் சண்டை என்று காட்டும் கடிதம் எவ்வளவு கனமானதாக இருந்தாலும் இங்கே தவறான பதில்.

புதியவர்கள் கட்டாயம் தெரிந்துகொள்ள வேண்டிய நுணுக்கம் ஒன்று: அக்யூஸ் அழுத்தியதும் எதிரில் இருப்பவர் 'அதற்கு என்ன ஆதாரம்?' என்கிற விதத்தில் எதிர்ப்பார். அந்த எதிர்ப்பை முழுவதும் கேளுங்கள். எந்தப் பொருள் வேண்டும் என்பதற்கான குறிப்பு பல சமயம் அதிலேயே இருக்கும். ஆதாரம் உங்களிடம் இல்லை என்று தோன்றினால், பொருளைத் தேர்ந்தெடுப்பதற்கு முன் பின்வாங்கும் பொத்தானை அழுத்துங்கள். ஃபெல்ப்ஸ் குற்றச்சாட்டை விலக்கிக்கொள்வார், உங்களுக்கு எந்த இழப்பும் இல்லை, மற்ற இரண்டில் ஒன்றைத் தேர்ந்தெடுக்கலாம். இதைத் தெரிந்துகொண்ட பிறகு விசாரணை அறைக்குள் பயமில்லாமல் உட்காரலாம்.

அதன்பிறகும் முடிவெடுக்க முடியவில்லை என்றால் உள்ளுணர்வுப் புள்ளியைப் பயன்படுத்துங்கள். தவறான தெரிவு ஒன்று நீங்கிவிடும்.

தவறாகச் சொன்னால் என்ன ஆகும்? வழக்கு நின்றுவிடாது. அந்தத் தகவல் கிடைக்காமல் போகும், நீங்கள் வேறு வழியாகச் சுற்றிப் போக வேண்டியிருக்கும். சில வழக்குகளில் இரண்டு சந்தேக நபர்களும் எதிரெதிர் அறைகளில் இருப்பார்கள், யார்மேல் குற்றம் சாட்டுவது என்பதை நீங்களே முடிவு செய்ய வேண்டும். இணையத்தில் விடைகளை வைத்துக்கொண்டு விளையாடினால் அந்த அறையில் இருக்கும் கனம் உங்களுக்குத் தெரியவே தெரியாது. முதல் முறை முழுவதும் விடை பார்க்காமல் விளையாடுங்கள் என்று உங்களை வேண்டிக் கேட்டுக்கொள்கிறேன்.

நகரத்தில் சுற்றுவது

குறிப்பேட்டில் ஓர் இடத்தைத் தேர்ந்தெடுத்தால் அது போக வேண்டிய இலக்காகிவிடும். முகவரி தெரியாத பெயரோ வண்டி எண்ணோ கிடைத்தால் அருகில் இருக்கும் தொலைபேசியிலிருந்து ஆவணப் பிரிவுக்கு அழையுங்கள், முகவரி சொல்வார்கள். காரில் ஏறும் பொத்தானைத் தட்டினால் நீங்கள் ஓட்டுவீர்கள். அழுத்திப் பிடித்தால் கூட்டாளி ஓட்டுவார், பயணம் தாண்டிப்போகும். ரயிலில் அரைமணி நேரம் கிடைத்தது, ஒரு விசாரணையை முடிக்க வேண்டும் என்றால் கூட்டாளியிடமே சாவியைக் கொடுங்கள்.

ஆனால் எப்போதும் அப்படிச் செய்ய வேண்டாம். நீங்களே ஓட்டும்போதுதான் வானொலியில் தெருக் குற்றங்களுக்கான அழைப்புகள் வரும். மொத்தம் 40 இருக்கின்றன, ஒவ்வொன்றும் சில நிமிடங்களில் முடிந்துவிடும். அவை தரும் அனுபவப் புள்ளிகளால் பதவி உயரும், உள்ளுணர்வுப் புள்ளியும் கிடைக்கும். போக்குவரத்துப் பிரிவில் இருக்கும்போதே ஐந்தாறு முடித்துவிட்டால் கொலைப் பிரிவுக்குக் கையிருப்போடு போகலாம்.

ஓட்டும்போது நகரத்தைப் பாருங்கள். பழைய வான்வழிப் புகைப்படங்களைக் கொண்டு கட்டிய நகரம் இது. மலைமேல் இருக்கும் புகழ்பெற்ற எழுத்துகள் இங்கே 'ஹாலிவுட்லேண்ட்' என்று முழுதாக நிற்கும். கடைசி நான்கு எழுத்துகளை நீக்கியது 1949-இல்தான். இடித்துத் தள்ளாமல் ஓட்டுவதும் முக்கியம். வழக்கு முடிந்ததும் நட்சத்திர மதிப்பீடு வரும், அதில் உடைத்த கார்களும் காயப்பட்ட மக்களும் கணக்கில் சேர்வார்கள். வழியில் நெரிசல் என்றால் சைரனைப் போடுங்கள், வண்டிகள் ஒதுங்கும்.

துரத்தலும் சண்டையும்

இதைப் பற்றி அதிகம் சொல்ல ஒன்றுமில்லை. ஓடுபவரைத் துரத்தும்போது ஓடும் பொத்தானை விடாமல் பிடித்திருங்கள், தடைகளை ஃபெல்ப்ஸ் தானாகவே தாண்டுவார். சிலரைத் துப்பாக்கியால் குறிவைத்தபடி சற்று நேரம் வைத்திருந்தால் எச்சரிக்கை வெடிக்குப் பணிந்து நின்றுவிடுவார்கள். சின்னக் குச்சிகளால் குறிவைப்பது கடினமாக இருந்தால் கருவியைச் சாய்த்துக் குறிவைக்கும் வசதி ஸ்விட்ச்சில் உண்டு. ஒரு சண்டைக் காட்சியில் மூன்று முறை தோற்றால் அதைத் தாண்டிப் போகலாமா என்று விளையாட்டே கேட்கும். தயங்காமல் ஆமாம் சொல்லுங்கள், கதையில் எதையும் இழக்க மாட்டீர்கள்.

நிறுத்துவதும் திரும்பி வருவதும்

நினைத்த இடத்தில் சேமிக்கும் வசதி இதில் இல்லை. குறிப்பிட்ட இடங்களில் தானாகவே சேமித்துக்கொள்ளும். எனவே விசாரணை நடுவில் இறங்க வேண்டிய நிறுத்தம் வந்துவிட்டால் விளையாட்டை மூடாதீர்கள்; ஆற்றல் பொத்தானைத் தட்டி ஸ்விட்ச்சை உறங்க வையுங்கள், அதே கேள்வியில் திரும்பி வரலாம். 2017-இல் வந்த முதல் ஸ்விட்ச்சின் மின்கலம் விளையாட்டைப் பொறுத்து இரண்டரை முதல் ஆறரை மணி நேரம் தாங்கும் என்பது நின்டெண்டோவின் கணக்கு. நீண்ட பயணமென்றால் பவர் பேங்க் கூட இருக்கட்டும்.

முடித்த எந்த வழக்கையும் முதன்மைப் பட்டியலிலிருந்து மறுபடி விளையாடலாம். வழக்கு முடிவில் வரும் அறிக்கையில் எத்தனை துப்புகளில் எத்தனை கிடைத்தன, எத்தனை கேள்விகளில் எத்தனை சரி என்று இருக்கும். துப்பு குறைந்திருந்தால் தேடலில் விட்டிருக்கிறீர்கள். துப்பெல்லாம் இருந்தும் கேள்விகள் தவறியிருந்தால் முகத்திலோ ஆதாரத்திலோ பிசகியிருக்கிறது. அதைப் பார்த்து எந்த இடத்தில் மெதுவாகப் போக வேண்டும் என்று தெரிந்துகொண்டு மறுபடி தொடங்குங்கள். ஒரு பிரிவை முடித்ததும் வழக்கு எதுவும் இல்லாமல் நகரத்தில் சுற்றும் தனி முறை திறக்கும். விட்டுப்போன தெருக் குற்றங்களையும், மறைத்து வைத்த கார்களையும், 50 தங்க நிறப் படச்சுருள்களையும் அங்கே தேடலாம். கதையை முழுவதும் முடித்துவிட்டு அதற்கு வருவதே நல்லது. நடுவில் படச்சுருள் தேடப் போனால், யார் என்ன சொன்னார்கள் என்பது மறந்துபோய் அடுத்த விசாரணையில் தடுமாறுவீர்கள்.